காலிக் கூண்டு

என் கோபக்காரிக்கு,

உன் தலைமுடி காதுவரை வளர்ந்துவிட்டதாக உன் அக்கா சொன்னாள். போட்டோ அவளுக்கு மட்டும் போயிருக்கிறது. இருக்கட்டும்.

எங்கள் ஆய்வகத்தில் ஒரு கூத்து. கீரியைப் போலிருக்கும் மிங்க் ஒன்றை ஸ்கேன் செய்த புது டாக்டர், "இதுக்குச் சினை பிடிக்கல சார், காலி" என்று கையை விரித்துவிட்டு, மலட்டு மிருகங்களோடு ஒதுக்கிவிட்டார். முந்தாநாள் அது நான்கு குட்டி போட்டது. டாக்டர் சொன்ன அந்தக் 'காலி' என்ற வார்த்தையை நம் வீட்டிலும் கேட்டிருக்கிறேன். யார் வாயிலிருந்து என்று எழுத மாட்டேன்.

மிங்கின் கரு வயிற்றுக்குள் வளராமல் பல வாரம் தூங்கும்; அதனால்தான் ஸ்கேனில் தெரியவில்லை. தாயின் கருப்பைதான் அதை எழுப்புகிறது. கருப்பை சுரக்கும் ஏதோ ஒன்று பட்டதும், விட்ட இடத்திலிருந்து வளரத் தொடங்கும். அந்தச் சூட்சுமம் பிடிபட்டால், மனிதக் கருவையும் உறைய வைக்காமலே காக்கலாம். பிடித்துவிடுவோம், பார்.

நேற்று மருத்துவமனையிலிருந்து நர்ஸ் கூப்பிட்டார். உன் புற்றுநோய்ச் சிகிச்சைக்கு முன்னால் நாம் உறைய வைத்த இரண்டு கருக்களைப் பற்றித்தான்.

"அழிச்சிடச் சொல்றாங்க உங்க மனைவி. நீங்களும் கையெழுத்துப் போடணும்."

"ரெண்டு பேரும் சேர்ந்தே வர்றோம்" என்றேன்.

ஞாயிற்றுக்கிழமை உன் அம்மா வீட்டுக்கு வண்டி எடுத்துக்கொண்டு வருகிறேன். முதலில் ஆய்வகம் போய்க் குட்டிகளைப் பார்க்கலாம், உன் கட்டைவிரல் அளவுதான் இருக்கின்றன. அதன் பிறகும் அந்த இரண்டும் வேண்டாமென்றால், பேனா என் சட்டைப்பையில் இருக்கும். நீயே எடுத்துக் கொடு, கையெழுத்துப் போடுகிறேன்.

உன் கீரிக்காரன்