துரையின் கால்விரல்

அன்பு மகனுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். நீ நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா? போனில் "அப்பா" என்று நான் ஆரம்பித்தாலே, வேலை இருக்கிறது என்று வைத்துவிடுகிறாய். கடிதத்தையாவது முழுசாகப் படி.

உன் துரைக்கு உடம்பு சரியில்லை. பதறாதே, உயிரோடுதான் இருக்கிறது. ஒரு பல்லிக்குத் துரை என்று பெயர் வைத்து, கண்ணாடிப் பெட்டி, விளக்கு, சூடான கல் என்று மாளிகை கட்டி, அதை என் தலையில் கட்டிவிட்டுப் போனாய். சுவரில் பல்லியைக் கண்டாலே துடைப்பத்தை எடுக்கிறவள் நான். இப்போது இடுக்கியில் புழு பிடித்து ஊட்டிக்கொண்டிருக்கிறேன். எல்லாம் என் நேரம்!

போன வாரம் அதன் உடம்பு வெளுத்தது. புழுவைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. தோல் உரிக்கப் போகிறது என்று புரிந்துகொண்டேன். அந்த நேரத்தில் அது புகுந்துகொள்ளும் ஈரப் பாசி வைத்த டப்பா காயவே கூடாது என்று நீ படித்துப் படித்துச் சொன்னாயே, நன்றாகத் தண்ணீர் தெளித்துவிட்டுத்தான் பெரியம்மா வீட்டுக்குப் போனேன். இரண்டு நாள்தான். அதற்குள் உன் அப்பா கை வைத்துவிட்டார்.

சுவருக்குப் பெயிண்ட் அடித்தே பழகிய அவர் கண்ணுக்கு உலகமே சுவர்தானே. துரையின் முதுகில் தோல் பிரிவதைப் பார்த்ததும், உள்ளே ஈரம் இறங்கிவிட்டது, அதனால்தான் உரிகிறது என்று முடிவு கட்டியிருக்கிறார். பாசியை வெயிலில் போட்டு, டப்பாவைத் துடைத்து, தண்ணீர்க் கிண்ணத்தையும் வெளியே எடுத்து வைத்து, பெட்டியையே சொட்டு ஈரமில்லாமல் காய வைத்துவிட்டார். நான் வந்து பார்த்தால் பழைய தோல் கால்விரல்களில் காய்ந்து, நூல் சுற்றிக் கட்டியது போல் இறுகிக் கிடக்கிறது. ஒரு விரல் வீங்கிவிட்டது. போட்டேன் ஒரு சத்தம். அவரோ பெயிண்ட் சுரண்டும் தகட்டோடு வந்து, எடுத்துவிடட்டுமா என்று கேட்கிறார்! இந்த மனிதரை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய?

மருத்துவரிடம் தூக்கிக்கொண்டு ஓடினோம். பிய்த்து இழுக்கவே கூடாதாம். இறுகிய தோல் ரத்த ஓட்டத்தை நிறுத்திவிடுமாம். வெதுவெதுப்பான தண்ணீரில் கால் நனையும் அளவுக்கு நிற்க வைத்து, தோல் ஊறிய பிறகு ஈரப் பஞ்சுக் குச்சியால் மெல்ல உருட்டி எடுக்க வேண்டுமாம். மற்ற விரல்கள் தப்பிவிட்டன. வீங்கிய விரலின் நுனி கறுத்திருக்கிறது. அந்த விரல் தங்குமா என்பது போகப் போகத்தான் தெரியும் என்கிறார்.

இப்போது தினமும் கால் நனைக்கும் அந்த வேலை முழுக்க உன் அப்பாவுடையது. என்னைத் தொட விடுவதில்லை. மூக்குக் கண்ணாடி போட்டுக்கொண்டு, துரையைக் கிண்ணத்தில் நிறுத்தி, "கொஞ்சம் பொறு ராசா" என்று கெஞ்சுகிறார். உன்னிடம் ஒருநாளாவது இப்படிப் பேசியிருந்தால், பிரஷ் பிடிக்க மாட்டேன் என்று நீ சொன்ன அன்று வீடு ரெண்டுபட்டிருக்காது. நீயும் லேசுப்பட்டவன் இல்லை, அது வேறு.

இதை உனக்கு எழுதக் கூடாது என்று சொல்லியிருக்கிறார். திட்டுவாய் என்ற பயமா என்று கேட்டேன். "அவன் இந்த வீட்டுக்குத் திரும்பி வர்றதா இருந்தா இந்தத் துரைக்காகத்தான் வருவான். அதையும் நான் கெடுத்துட்டேனே" என்றார்.

நீ நோய்நொடி இல்லாமல் நன்றாக இரு, கண்ணா. விரல் போனாலும் துரை பிழைத்துக்கொள்ளும். நீ அப்பாவுக்கு ஒரு போன் போடு. நல்ல வார்த்தை வராவிட்டால் பரவாயில்லை, கூப்பிட்டுத் திட்டவாவது திட்டு.

உன் அம்மா