சத்தம் மட்டும் தெளிவான வீடியோ

கிளிஃபர்ட்,

மீன் குழம்பு அடுப்பில் இருக்கிறது, சுடவைத்துக்கொள்ளுங்கள். நான் லஸ் மாதா கோவிலுக்குப் போகிறேன். இந்தக் கோபத்தில் சைகையில் சண்டை போட வேண்டாமென்று எழுதி வைக்கிறேன்.

தம்பி ஜேக்கப் ஆஸ்பத்திரியில் எடுத்தனுப்பிய கடைசி வீடியோ அது. அதைப் பார்க்க எனக்குத் துணிவு வருவதற்குள், போனில் இடமில்லை என்று சைஸைக் குறைத்து, ஒரிஜினலை அழித்துவிட்டீர்கள். கேட்டால், "படம்தான் கொஞ்சம் மங்கல், சத்தம் அப்படியே இருக்கு" என்கிறீர்கள். உங்களுக்குக் காது கேட்கும். எனக்கும் அவனுக்கும் விரல்தானே பேச்சு? இப்போது அவன் விரல்களெல்லாம் ஒட்டிக்கொண்டு கட்டம் கட்டமாகத் தெரிகின்றன. "டெல்பினிடம் சொல்" என்பது வரை புரிகிறது. என்ன சொல்லச் சொன்னான் என்பது போய்விட்டது.

சாயங்காலம் டெல்பின் வருவாள். புருஷன் கடைசியாகச் சொன்னதைப் பார்க்கத்தான் வருகிறாள். நான் வரும்வரை காட்டாதீர்கள்.

சாவி செருப்பு ஸ்டாண்டில்.

ஜொவிட்டா

இன்னொன்று. சத்தம் நன்றாக இருக்கிறது என்றீர்களே, என் தம்பியின் சத்தம் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியாது. அதில் கேட்பதையெல்லாம் இந்தத் தாளின் பின்பக்கம் எழுதி வையுங்கள். மூச்சு வாங்கியிருந்தால் அதையும்.