கைமணி கேட்காத பிள்ளை

அக்கா,

அன்று அம்மன் கோயிலில் இருந்தவர்கள்: நீங்கள், அத்தான், நான், பூசை செய்யும் கட்டாடியார், உங்கள் மடியில் நித்திரையாகக் கிடந்த மூன்று வயது மகள். வேறு ஒருவரும் இல்லை. கதவைச் சாத்தப்போன கட்டாடியாரை மறித்துத்தான் நீங்கள் கற்பூரம் கேட்டீர்கள்.

போன வெள்ளிக்கிழமை வீட்டில் கற்பூரம் கொளுத்தினேன். இப்போது வளர்ந்துவிட்ட உங்கள் மகள் எனக்கு முன்னால் கண்ணை மூடிக் கும்பிட்டுக்கொண்டு நின்றாள். நான் கைமணியை ஆட்டினேன்.

"சின்னம்மா, இண்டைக்கு மணி அடிக்கல்லையா?" என்றாள்.

மணி என் கையில் ஆடிக்கொண்டிருந்தது.

கொழும்பு ஆஸ்பத்திரி ஞாபகம் இருக்கிறதா? பிள்ளையின் வயிற்றுக்குள் கட்டி, நியூரோபிளாஸ்டோமா என்றார்கள். எலும்புக்கும் போய்விட்டது என்றார்கள். நீங்களும் நானும் மாறி மாறிக் கட்டிலடியில் கிடந்தோம். ஏற்றிய மருந்துகளில் சிவப்பாக இருந்ததற்கு அவள் சர்பத் என்று பெயர் வைத்தாள். "அம்மா, இண்டைக்கும் சர்பத்தா?" என்று கேட்டுச் சிரித்தவள், இரவு முழுக்கச் சத்தி எடுப்பாள். வாயெல்லாம் புண். எச்சில் விழுங்கவும் ஏலாது. மறுகா வயிற்றைக் கீறிக் கட்டியை எடுத்தார்கள், கதிர்ச் சிகிச்சையும் கொடுத்தார்கள். பிள்ளை தப்பினாள். அம்மாளுக்கும் டொக்டர்மாருக்கும் வாய்விட்டு நன்றி சொல்லவேண்டிய நேரம் அது.

நீங்கள் என்ன செய்தீர்கள்? மருந்தினால் கொட்டிப்போன தலையில் சந்தனம் பூசி, நேர்த்திக்கு மொட்டை போட்டது என்று ஊருக்குக் காட்டினீர்கள். கொடுக்காத முடியைக் கொடுத்ததாக அம்மாளின் பெயரிலேயே வரவு எழுதினீர்கள். எனக்கு அன்றைக்கே அது பிடிக்கவில்லை.

"புற்றுநோய் வந்த புள்ளையெண்டு தெரிஞ்சா, நாளைக்கு இவளை ஆரு கட்டுவான்? அவளுக்கும் தெரியப்படா. ஒருத்தருக்கும் சொல்லமாட்டம் எண்டு ரெண்டு பேரும் கற்பூரத்தைக் கையால அணைச்சுச் சத்தியம் பண்ணுங்க" என்று அன்று கோயிலில் கேட்டீர்கள்.

"கட்டாடியார், சின்னத் துண்டாப் பாத்து வையுங்க. நாளைக்கு இந்தக் கையாலதான் நான் சோறு தின்னோணும்" என்று அத்தான் பகிடி விட்டார். எரிகிற கற்பூரத்தை அவரும் அணைத்தார், நானும் அணைத்தேன்.

திங்கட்கிழமை அவளைக் காது கிளினிக்குக் கூட்டிக்கொண்டு போனேன். பறைச் சத்தம் கேட்கிற காதுக்கு மணி போன்ற கூரான ஓசை ஒன்றும் விழவில்லையாம். டொக்டர் அவள் கழுத்தடித் தழும்பைப் பார்த்தார். மருந்து ஏற்றக் குழாய் வைத்த இடம் அது.

"இது என்ன தழும்பு, தங்கச்சி?"

"சின்னனில அம்மியில விழுந்த நானாம்." நீங்கள் சொல்லிக்கொடுத்த கதை.

டொக்டர் என் பக்கம் திரும்பினார். "சின்ன வயசில மருந்து ஏதும் ஏத்தினதா, அம்மா? காதைக் கெடுக்கிற மருந்து இருக்கு. என்ன மருந்தெண்டு தெரிஞ்சாத்தான் இதயத்தையும் மற்றதையும் பாக்கலாம். வீட்டில கேட்டுக்கொண்டு வியாழக்கிழமை வாங்க."

சரி என்று எழும்பினேன். பஸ்ஸில் வாவிப் பக்கம் பார்த்துக்கொண்டே வந்தவள், "டொக்டர் கேக்கக்குள்ள நீங்க ஏன் நிலத்தப் பாத்த, சின்னம்மா?" என்றாள். காது கேட்காவிட்டாலும் அவளுக்குக் கண் இருக்கிறது, அக்கா.

கட்டாரில் இருக்கிற அத்தானுக்குப் போன் எடுத்தேன். "உன் அக்கா செய்து வச்சிட்டுப் போன வேலை. நீயே பாத்துக்கொள்ளு" என்று வைத்துவிட்டார். கட்டாடியாரிடம் போனேன். "சத்தியம் கேட்டவதான் அதை விடுவிக்கணும், மகள். அவதான் இல்லயே" என்றார்.

நெஞ்சு நோகுது என்று ஒரு மத்தியானம் படுத்தீர்கள், எழும்பவில்லை. பிள்ளையை என்னிடம் விட்டீர்கள், சரி. வாயையும் கட்டிவிட்டல்லவா போனீர்கள்? அவளுக்கு இப்போது பதினாறு. நீங்கள் பயந்த மாப்பிள்ளை எவனும் இன்னும் வாசலுக்கு வரவில்லை. காதுதான் போய்க்கொண்டிருக்கிறது.

விளக்கு வைக்கும்போதெல்லாம் உள்ளங்கை சுடுகிறது. தழும்பு ஒன்றும் இல்லை. ஆனாலும் சுடுகிறது.

வியாழக்கிழமை நான் டொக்டரிடம் சொல்லத்தான் போகிறேன். அதற்கு முதல் அவளிடம் சொல்வேன். அம்மாள் கோபித்தால் அந்தப் பாவம் என் பெயரில் இருக்கட்டும். ஆனால் சத்தியம் கேட்டது நீங்கள். நீங்களே விட்டால் எனக்கு நிம்மதி. கனவிலாவது வந்து ஓம், சொல்லு என்று ஒரு சொல் சொல்லுங்கள். இன்றைக்குச் செவ்வாய். கெதியாகப் பதில் தாருங்கள்.