ஆறு விக்கெட் விழுந்த சனிக்கிழமை

மார்ச் 3

அன்புள்ள எக்ஸ்பிரஸ்,

நலம்தானே? நான் நலம், முழங்கால் மட்டும் எனக்கு முன்பே ஓய்வு பெற்றுவிட்டது. பட்டாளமும் பேட்டுமாக வாழ்ந்த கதையைப் புத்தகமாக எழுதிக்கொண்டிருக்கிறேன். மகள்தான் தட்டச்சு செய்கிறாள். "இந்தப் பக்கத்துலயும் நீங்கதான் ஜெயிக்கிறீங்களாப்பா?" என்று கிண்டல் வேறு.

முப்பது வருடத்துக்கு முன் பீரங்கிப் படையோடு ஆடினோமே, அந்த இறுதி ஆட்டத்தை நீ இல்லாமல் எழுத முடியாது. இரண்டாம் நாள் சனிக்கிழமை, நாங்கள் வைத்த பட்டப்பெயருக்கேற்ப எக்ஸ்பிரஸ் வேகத்தில் பந்து போட்டு ஆறு விக்கெட் சாய்த்தாய். அதை உன் வாயால் கேட்க வேண்டும். நாலு பக்கம் எழுதி அனுப்பு. வெளியீட்டு விழாவுக்கும் வந்து சேர். சாக்குப்போக்கு வேண்டாம், இது உத்தரவு.

உன் கேப்டன்


மார்ச் 14

மதிப்புக்குரிய கர்னல் சாருக்கு உங்கள் சிப்பாயின் சல்யூட்.

எழுதச் சொல்லிவிட்டீர்களே சார். பந்து போடச் சொல்லியிருந்தால் இந்த வயதிலும் இரண்டு ஓவர் போட்டிருப்பேன். இப்போது ஒரு கிடங்கு வாசலில் காவல் வேலை. லாரி நம்பர் எழுதி எழுதிக் கையெழுத்து மட்டும் திருந்தியிருக்கிறது.

அப்போது நீங்கள் மேஜர், மைதானத்தில் ஒரு படி கீழே கேப்டன். 'வெயிலில் இறங்கினால் பதவியும் இறங்கும்' என்று சமையல்கூடத்தில் சிரிப்போம். அன்று தரை ஈரம், பந்து எகிறியது. கடைசி விக்கெட் விழுந்ததும் நீங்கள் ஸ்லிப்பிலிருந்து ஓடிவந்து என்னைத் தூக்கிவிட்டீர்கள். ஓர் அதிகாரி சிப்பாயைத் தூக்கியதை அன்றுதான் பார்த்தேன்.

அதற்குப் பிறகு நடந்ததை எழுத மனம் வரவில்லை. ஆனாலும் உங்களிடம் மறைப்பானேன். அன்று சாயங்காலம், அம்மாவுக்கு முடியவில்லை, தந்தி வந்திருக்கிறது என்று சொல்லி உங்கள் ஜீப்பிலேயே என்னை ஸ்டேஷனுக்கு அனுப்பினீர்கள். அந்த நன்றி இன்றும் இருக்கிறது. நான் போய்ச் சேர்ந்தபோது எல்லாம் முடிந்திருந்தது. அம்மா சனிக்கிழமை மதியமே போய்விட்டாள். அண்ணன் வேண்டுமென்றே தந்தியைத் தாமதமாக அடித்தான் என்று சொந்தக்காரர்கள் முன்னால் கத்தினேன். வெள்ளிக்கிழமை காலையிலேயே அடித்ததாகச் சாதித்தான். தபால் ஆபீஸ் ரசீதை நீட்டினான். பார்க்காமலே கிழித்துப் போட்டேன். அம்மாவுக்கு நான்தான் செல்லம், அந்தப் பொறாமை என்று நினைத்தேன். அதோடு பேச்சு அறுந்தது. போன வருடம் அவன் செத்ததற்கும் நான் போகவில்லை.

விழாவுக்குக் கட்டாயம் வருகிறேன் சார்.

உங்கள் எக்ஸ்பிரஸ்


மார்ச் 22

அன்புள்ள எக்ஸ்பிரஸ்,

உனக்கு யாரும் சொல்லவே இல்லையா? அதிகாரிகள் எல்லோருக்கும் தெரிந்த விஷயம், உன் காதுக்கும் வந்திருக்கும் என்றே இருந்துவிட்டேன். உன் அண்ணன் மேல் தப்பில்லை. தந்தி வெள்ளிக்கிழமை மதியமே வந்தது. சாப்பாட்டு இடைவேளையில் எழுத்தர் என் கையில் கொடுத்தார். உன்னை அனுப்பினால் மறுநாள் பந்து போட ஆளில்லை. பதினொரு வருடமாக நம் கைக்கு வராத கோப்பை. ஜெனரலே வந்து உட்கார்ந்திருந்தார். தந்தியில் உடம்புக்கு முடியவில்லை என்றுதான் இருந்தது, சாகக் கிடக்கிறாள் என்று இல்லை. நிம்மதியாகப் பந்து போடட்டும் என்று சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன்.

இதைப் புத்தகத்தில் ஏற்கெனவே எழுதிவிட்டேன். 'ஒரு தலைவனின் முடிவு' என்று தலைப்பு. பக்கத்தை இத்துடன் இணைத்திருக்கிறேன். என் இடத்தில் இருந்திருந்தால் நீயும் அதையே செய்திருப்பாய் என்று இரண்டு வரி எழுதிக் கொடுத்தால் அத்தியாயம் நிறைவாக இருக்கும். பழசைப் போட்டு மனதைக் குழப்பிக்கொள்ளாதே.

உன் கேப்டன்


ஏப்ரல் 9

கர்னல் அவர்களுக்கு,

பக்கம் கிடைத்தது. படித்த அன்று வேலைக்குப் போகவில்லை. வெள்ளிக்கிழமை சாயங்கால ரயிலைப் பிடித்திருந்தால் மறுநாள் காலையில் அம்மா பக்கத்தில் இருந்திருப்பேன். உங்கள் ஜீப்புக்காக முப்பது வருடம் உங்களை மனதில் வைத்துக் கும்பிட்டிருக்கிறேன்.

அண்ணி வீட்டுக்குப் போனேன். கதவைத் திறந்தவள், "உள்ள வாங்க தம்பி" என்றாள். அதற்கே எனக்கு முகமில்லை. உங்கள் பக்கத்தைப் படித்துக் காட்டினேன். கேட்டு முடித்ததும் அண்ணனைப் பற்றிச் சொன்னாள்.

"மொதல்ல உங்க மேல கோவமாத்தான் இருந்தாரு. போகப் போக அவருக்கே சந்தேகம் வந்துருச்சு தம்பி. விலாசத்தத் தப்பா எழுதிட்டேனோ, என்னாலதான் அவன் அம்மா முகத்தப் பாக்காமப் போயிட்டானோன்னு புலம்பிக்கிட்டே இருப்பாரு. ஆஸ்பத்திரியில கடைசி நாளும் அதையேதான் கேட்டாரு."

இரண்டு வரி கேட்டீர்கள். உங்கள் இடத்தில் நான் இருந்திருந்தால் தந்தியைக் கொடுத்திருப்பேன். ஒரு வரிதான் தேறியது.

அந்தப் பக்கத்தை ஓர் எழுத்துகூட மாற்றாமல் அச்சிடுங்கள். அத்தனை பேர் முன்னால் அண்ணனைப் பொய்யன் என்றேன். நானே இப்போது வாயால் சொன்னால் யாரும் காதில் வாங்க மாட்டார்கள். உங்கள் பெயரோடு புத்தகத்தில் வந்தால் நம்புவார்கள். வந்ததும் அண்ணிக்கு ஒரு பிரதி அனுப்புங்கள். விலாசம் கீழே. எனக்கு வேண்டாம். விழாவுக்கும் வரமாட்டேன்.

இப்படிக்கு,
அவன் தம்பி


ஜூன் 20

அன்புள்ள எக்ஸ்பிரஸ்,

உன் ஏப்ரல் கடிதத்துக்குப் பிறகு நான் போடும் மூன்றாவது கடிதம் இது. முன்னிரண்டுக்கும் பதில் இல்லை. கோபம் இருக்கும், ஒப்புக்கொள்கிறேன்.

புத்தகம் வந்துவிட்டது. உன் படத்தை முழுப் பக்கத்துக்குப் போட்டிருக்கிறேன். உன் கடிதத்தை மகள் படித்துவிட்டாள். "ஒரு மேட்சுக்காகவாப்பா?" என்று கேட்டாள். அதற்குப் பிறகு தட்டச்சு செய்ய உட்காரவில்லை. மிச்சத்தை வெளியே கொடுத்துத்தான் முடித்தேன்.

தந்தி பற்றிய அந்தப் பக்கத்தைப் புத்தகத்திலிருந்து எடுத்துவிட்டேன். பதிப்பாளர் ஒன்றும் சொல்லவில்லை, நானேதான் எடுத்தேன். இந்த வயதில் பேரைக் கெடுத்துக்கொள்ள முடியவில்லை. விழாவுக்குப் பழைய ஜெனரலின் மகன் வருகிறார்.

உன் அண்ணிக்குப் பிரதி அனுப்பவில்லை. அவளுக்கு அதில் ஒன்றும் இல்லை.

உன் கேப்டன்