ஐந்து புள்ளிகள்

ஜூலை 8, செவ்வாய்

கரும்புத் தோட்டங்களுக்கு அடிமைகளைப் போலக் கப்பலேற்றப்பட்ட தமிழர்களின் பழைய புகைப்படங்களை அசையவைத்து ஒரு படம் எடுக்கிறோம். இன்று அதில் ஒரு பெண்ணை மூச்சுவிட வைத்தேன். அவள் பெயர் தெரியாது. நெஞ்சோடு பிடித்திருக்கும் பலகையில் நம்பர் மட்டும் இருக்கிறது.

பெங்களூர் அல்சூரில் இருக்கும் எங்கள் ஸ்டூடியோவைப் பெருக்க வரும் முனியம்மா அக்கா திரையைப் பார்த்தார். பிறகு சுவரில் ஒட்டியிருந்த மூலப் படத்தைப் பார்த்தார்.

“பாப்பா, இந்தம்மா கைல இருந்த பச்சை எங்க போச்சு?”

“அது பூஞ்சைக்கா. நான்தான் கிளீன் பண்ணேன்.”

“பூஞ்சை இப்படியா வரிசையா பிடிக்கும்?” வளையலை மேலே தள்ளித் தன் கையைக் காட்டினார். பச்சை குத்திய அதே ஐந்து புள்ளிகள்.

மூலப் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். நம்பர் கப்பல்காரர்கள் கொடுத்தது. பச்சை அவள் ஊரிலிருந்து கொண்டுபோனது. நான் நம்பரைப் பளிச்சென்று துலக்கிவிட்டுப் பச்சையை அழித்திருக்கிறேன்.

சாயங்காலம்வரை உட்கார்ந்து ஒவ்வொரு புள்ளியாகத் திரும்ப வைத்தேன். அக்கா வேலை முடிந்தும் போகவில்லை. ஐந்தாவது புள்ளி வந்ததும் திரையிலிருந்த பெண்ணிடம் மெதுவாக, “வலிச்சுதாம்மா?” என்று கேட்டார்.

கிளம்பும்போது கணினியை அணைக்க மனம் வரவில்லை. இந்நேரம் அங்கே மூச்சுவிட்டுக்கொண்டிருப்பாள்.