இருபத்து மூன்றாம் பகுதி

மே 4

என் செல்லத் தம்பிக்கு,

நலமா என்று கேட்க மாட்டேன். நலமாக இருப்பவன்தான் இரண்டு மாதமாகக் கடிதம் போடாமல் இருப்பான்.

அப்பாவை வியாழக்கிழமை ஆஸ்பத்திரியிலிருந்து கூட்டி வந்துவிட்டேன். இதயம் பலவீனமாம், உடம்பில் நீர் கோர்த்துக்கொள்கிறது. வாரம் ஒருமுறை எடை பார்க்க வேண்டும், கூடினால் உடனே மாத்திரையை மாற்ற வேண்டும் என்றார் டாக்டர். யார் பார்ப்பது? நானோ காலை எட்டு முதல் மாலை ஆறு வரை தையற்கூடத்தில் சீருடைக்குக் காலர் வைக்கிறவள்.

வீட்டுக்கே வாராவாரம் நர்ஸ் வரும் திட்டம் ஒன்று இருக்கிறதாம். "உங்க பகுதி லிஸ்ட்ல இல்லக்கா. ரோட்டுக்கு அந்தப் பக்கம் இருந்திருந்தா நானே வந்திருப்பேன்" என்றாள் ஆஸ்பத்திரி நர்ஸ். லிஸ்ட் போட்டது யார் என்று கேட்டேன். புள்ளிவிவரத் துறை! எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நம் வீட்டுப் பிள்ளை அங்கே உட்கார்ந்திருக்கும்போது எனக்கென்ன கவலை?

நம்முடையது இருபத்து மூன்றாம் பகுதி. சேர்த்துவிடு ராசா.

உன் அக்கா


மே 13

அன்புள்ள அக்காவுக்கு,

அப்பா படுத்திருப்பதை நினைத்தால் சாப்பாடு இறங்கவில்லை. ஆனால் நீ கேட்பதைச் செய்ய முடியாது.

நம் ஊரில் நாற்பது பகுதிகள். குலுக்கிப் போட்டு, இருபதுக்கு நர்ஸ் அனுப்புகிறோம்; மற்ற இருபதுக்கு இல்லை. ஒரு வருடம் கழித்து இரண்டு பக்கமும் எத்தனை இதய நோயாளிகள் இறந்தார்கள் என்று ஒப்பிட்டு நான் அறிக்கை எழுத வேண்டும். நர்ஸ் போவதால் பயன் உண்டா என்றே இன்று யாருக்கும் தெரியாது. வேண்டியவர்களை உள்ளே இழுத்துவிட்டால், வரும் முடிவு நர்ஸால் வந்ததா, செல்வாக்கால் வந்ததா என்று சொல்லவே முடியாது. எல்லா ஊருக்கும் நர்ஸ் போவதா வேண்டாமா என்பது இந்த ஒப்பீட்டை நம்பித்தான் இருக்கிறது.

குலுக்கல் நமக்கு விழவில்லை அக்கா. என்னைத் திட்டு, ஆனால் புரிந்துகொள். எடை மெஷின் ஒன்று அனுப்பியிருக்கிறேன்.

உன் தம்பி


ஜூலை 1

தம்பிக்கு,

மெஷின் வந்தது. அப்பா அதில் ஏறி நின்று வருகிறவர் போகிறவருக்கெல்லாம் உன் புராணம்தான் பாடுகிறார். "பெத்த அப்பனுக்காகக்கூட வளையாதவன்யா என் பையன். குலுக்கல்ல விழல, அதுக்கு அவன் என்ன பண்ணுவான்?" எதிர்வீட்டுக்காரர் மூன்றாவது முறை கேட்டுவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டு போனார்.

கால் வீக்கம் இறங்கவில்லை. விரலால் அழுத்தினால் குழி அப்படியே நிற்கிறது. எடை கூடினால் லீவு போட்டு, வரிசையில் நின்று, மாத்திரை மாற்றி வருகிறேன். மேற்பார்வையாளர் முறைக்கிறார். எனக்கு உன்மேல் கோபம் போகவில்லை. வாய்விட்டுத் திட்டலாம் என்றால் அப்பா சண்டைக்கு வருகிறார்.

ஒருமுறை வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போ.

அக்கா


அக்டோபர் 2

அக்கா,

அப்பாவை அடக்கம் செய்துவிட்டு மூன்று நாள் உன் வீட்டில் இருந்தேன். சொல்ல வாய் வரவில்லை. அதனால் எழுதுகிறேன்.

பிப்ரவரியில் குலுக்கியபோது இருபத்து மூன்றாம் பகுதி நர்ஸ் வரும் பக்கத்தில்தான் விழுந்தது. மறுநாள் இயக்குநர் கூப்பிட்டு, அமைச்சர் குடியிருக்கும் பகுதியை உள்ளே கொண்டுவரச் சொன்னார். ஒன்று உள்ளே வந்தால் ஒன்று வெளியே போக வேண்டும். எதை என்று அவர் சொல்லவில்லை. நான்தான் நம் பகுதியை எடுத்தேன்.

வேறு யாருடையதை எடுத்தாலும் பாவம் என்று தோன்றியது. நம்முடையதை எடுத்தால் ஒருவரும் என்னைக் குறை சொல்ல முடியாது என்றும் தோன்றியது. நேர்மை என்றே நினைத்தேன் அக்கா. அன்று அப்பா நன்றாகத்தான் இருந்தார். மே மாதம் நீ கேட்டபோது நம் பகுதியைத் திரும்ப உள்ளே வைத்திருந்தால், மாற்றியது எல்லாம் வெளியே வந்திருக்கும். பயந்துபோய் உனக்குப் பாடம் நடத்தினேன்.

தம்பி


அக்டோபர் 15

அடப்பாவி,

அந்த வெள்ளிக்கிழமை எடை மூன்று கிலோ கூடியிருந்தது. தையற்கூடத்தில் அவசர ஆர்டர். "திங்கக்கிழமை போய்க்கலாம், நீ வேலையப் பாரும்மா" என்றார் அப்பா. நானும் போனேன். ஞாயிற்றுக்கிழமை விடியும்போது அவர் இல்லை.

அன்றிலிருந்து நான்தான் கொன்றேன் என்று எனக்குள்ளே செத்துக்கொண்டிருந்தேன். உன் மடியில் தலைவைத்து அதையே சொல்லி அழுதேனே! நீ முதுகைத் தடவிக்கொடுத்தாய். ஒரு வார்த்தை சொன்னாயா?

நர்ஸ் வந்திருந்தால் பிழைத்திருப்பாரா என்று எனக்குத் தெரியாது. அதை நான் கேட்கவில்லை. உன் அறிக்கையில் நடந்ததை நடந்தபடி எழுது. வேலை போனால் போகட்டும், என் வீட்டுக்கு வா, இருக்கிறதைப் பகிர்ந்து சாப்பிடுவோம். அதை எழுதினால்தான் நீ எனக்குத் தம்பி.


அக்டோபர் 24

அக்கா,

எழுதுகிறேன். அப்பா மேல் சத்தியம்.

தம்பி


ஏப்ரல் 9

ஐயா,

அறிக்கை அச்சாகி வந்துவிட்டது. ஆஸ்பத்திரி நர்ஸிடம் வாங்கிப் படித்தேன். நர்ஸ் போன பக்கம் இருபத்திரண்டு பேர் இறந்தார்கள், போகாத பக்கம் நாற்பத்தொரு பேர். அதனால் அடுத்த மாதம் முதல் எல்லாப் பகுதிக்கும் நர்ஸ் வருவாள். நல்லது. எங்கள் தெருவில் இன்னும் இரண்டு இதய நோயாளிகள் இருக்கிறார்கள்.

மூன்றாம் பக்கத்தில், "நாற்பது பகுதிகளும் குலுக்கல் முறையில் மட்டுமே பிரிக்கப்பட்டன" என்று இருக்கிறது. அந்த "மட்டுமே" இயக்குநர் போட்டதா, நீங்கள் போட்டதா? கீழே இருப்பது உங்கள் கையெழுத்துதான். அது எனக்கு நன்றாகத் தெரியும்.

எதிர்வீட்டுக்காரர் இன்றைக்கும் அப்பா சொன்னதையே சொல்லி உங்களைப் புகழ்கிறார். நான் மறுக்கவில்லை. மறுத்தால் பொய்யாகப் போவது அப்பாவின் வார்த்தை.

இனி வரும் கடிதங்களைப் பிரிக்காமல் திருப்பி அனுப்பிவிடுவேன்.

இப்படிக்கு,
நாற்பத்தொரு பேரில் ஒருவரின் மகள்