என் தோளுக்குப் பின்னால் போன மனிதர்

அன்பு மகள் பாப்பாவுக்கு, அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் இங்கே ஏதோ ஓட்டிக்கொண்டிருக்கிறோம், அங்கே நீயும் மாப்பிள்ளையும் பிள்ளையும் சளி காய்ச்சல் இல்லாமல் இருந்தால் அதுவே போதும். அம்மாவுக்கு முட்டிவலி விட்டபாடில்லை. டாக்டர் மாடிப்படி ஏறாதே என்கிறார், இவள் துணி காயப்போடுகிறேன் என்று பொழுதுக்கும் ஏறுகிறாள். நீ சொன்னாலாவது கேட்கிறாளா பார்.

ஆவணப்பட விளம்பரத்தில் எழுத்து என்று வேறு யார் பெயரோ வருகிறதே என்று போனில் கேட்டாய். சொல்ல வாய் வரவில்லை, அதனால்தான் இந்தக் கடிதம். நீ ஆறாவது படிக்கும்போது ஐந்து மாடிக் கட்டிடம் ஒன்று எரிந்ததே, அங்கே டிவி நேரலையில் நின்றது நான்தான். காவலாளி கதவைப் பூட்டிவிட்டு ஓடிவிட்டான் என்று ஓர் அதிகாரி சொன்னார். ஓர் ஆள் வெளியே ஓடிவந்ததை நானும் கண்ணால் பார்த்தேன். மைக்கைப் பிடித்து அப்படியே சொல்லிவிட்டேன். அந்த வருஷம் எனக்கு விருது கிடைத்தது. கதவைப் பூட்டியது அவர் இல்லை என்று பின்னால் விசாரணையில் தெரிந்தபோது, திரையின் அடியில் ஒரு வரி ஓடவிட்டோம். அதோடு மறந்தும் போனோம்.

இப்போது எங்கள் சேனலில் அந்தத் தீவிபத்தை ஆவணப்படமாக எழுதச் சொன்னார்கள். பழைய டேப் அறையில் நாலு நாள் உட்கார்ந்து வெட்டாத பதிவைப் போட்டுப் பார்த்தேன். நான் கேமராவைப் பார்த்து நீட்டி முழக்கிக்கொண்டிருக்கிறேன், என் தோளுக்குப் பின்னால் காவலாளி உடுப்பில் கட்டைவிரல் அளவு உருவம் ஒன்று பக்கவாட்டுப் படியில் உள்ளே போகிறது, ஒருவரைத் தூக்கிக்கொண்டு வருகிறது, மறுபடி போகிறது. மூன்று தடவை எண்ணினேன் பாப்பா. அதற்குமேல் உட்கார முடியவில்லை, எழுந்துவிட்டேன்.

அந்தக் காவலாளியைத் தேடிப் பிடித்துப் போனேன். மகள் வீட்டில், சுவரோரக் கட்டிலில் படுத்திருந்தார். புகை குடித்த நெஞ்சு, பேச்சுக்குப் பேச்சு இருமல். என்னைப் பார்த்ததுமே தெரிந்துகொண்டார், ஆனால் திட்டவில்லை. டிவியில் போட்டு உங்கள் மேல் விழுந்த பழியைத் துடைத்துவிடுகிறேன் என்றேன். "வேண்டாம் சார், அக்கம்பக்கத்துல இப்பதான் மறந்திருக்காங்க. பேத்திக்கு ஒண்ணுமே தெரியாது. மறுபடி கிளறாதீங்க" என்று கும்பிட்டார். ஆபீசில் வந்து சொன்னால் பெரியவர், அதுதான் நம் தயாரிப்புத் தலைவர், "சார், அந்த ஆள்தான் சார் படமே, நீங்க அழுது மன்னிப்புக் கேக்குற மாதிரி ஒரு சீன் வைப்போம்" என்கிறார். முப்பது வருஷம் இதே மாதிரி பேசியவன்தானே நானும், யாரைக் கோபிக்க? காவலாளியைப் பற்றிய பக்கங்களைக் கிழித்துவிட்டு, அவரில்லாமல் எடுங்கள், என் பெயரும் வேண்டாம், வேலையும் வேண்டாம் என்று வந்துவிட்டேன். நல்லவேளை, அவர் சம்மதம் இல்லாமல் காட்ட முடியாது என்று அவர்கள் வக்கீலே சொல்லிவிட்டாராம்.

போன வாரம் அந்தப் பதிவை மட்டும் லேப்டாப்பில் எடுத்துக்கொண்டு மறுபடி அவர் வீட்டுக்குப் போனேன். வேறு யாருக்கும் இல்லை, நீங்கள் பார்க்கத்தான் என்றேன். மூடியிருந்த லேப்டாப்பைத் தடவிப் பார்த்தார். பிறகு, "எல்லாரும் சொல்லிச் சொல்லி, நான் ஓடித்தான் போயிட்டேனோன்னு எனக்கே சந்தேகம் வந்துடுச்சு சார்" என்றார். தலையணையை முட்டுக்கொடுத்து உட்காரவைத்துப் போட்டுக் காட்டினேன். கண்கொட்டாமல் பார்த்தார். மூன்றாவது தடவை அவர் வெளியே வந்ததும் நிறுத்தப் போனேன், கையைப் பிடித்துக்கொண்டார். இன்னும் கொஞ்சம் ஓடியது. புகை மண்டிய திரையின் ஓரத்தில் விரலை வைத்து, "நாலு சார். இந்தா பாருங்க, நாலாவது தடவையும் போயிருக்கேன்" என்றார்.

களைப்பாக இருக்கிறது பாப்பா, ஆனால் இப்போதுதான் ராத்திரியில் தூக்கம் வருகிறது. எங்கிருந்தாலும் நீங்கள் மூவரும் மனசும் உடம்பும் நல்லபடியாக இருக்க வேண்டும். நான் வேலையை விட்டது அம்மாவுக்குத் தெரியும், காரணத்தை இன்னும் முழுதாகச் சொல்லவில்லை, நீ முந்திக்கொள்ளாதே.

என்றும் உன் நினைவாக,
அப்பா